பழைய நேரத்தில் ஓடும் கொம்பியூட்டர்

25 மே 1996
அரசாங்கம் நள்ளிரவோடு நேரத்தை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளிவிட்டது. வீட்டு மணிக்கூடு, என் கைக்கடிகாரம், நான் வேலை செய்யும் இறால் கம்பனியில் குளிரறைக் குழாய்களின் அமோனியாக் கசிவைக் கண்காணிக்கும் கொம்பியூட்டர் – மூன்றையும் நானே மாற்றினேன். யாரும் சொல்ல முதலே செய்துவிட்டேன் என்று பெருமை வேறு.

27 மே, திங்கள்
வாராந்தச் சோதனை. அமோனியா நனைத்த துணியைச் சென்சருக்குக் கீழே பிடித்தேன். கண் எரிகிறது, எச்சரிக்கைச் சங்கு ஊதவில்லை. திரை கடைசியாகக் கிடைத்த, ஆபத்தில்லை என்ற பச்சையையே காட்டிக்கொண்டு நிற்கிறது. சுவருக்கு அப்பால் நாற்பத்திரண்டு பெண்கள் இறால் உரிக்கிறார்கள். இரண்டு நாளாக அவர்களுக்குக் காவலே இல்லை. என்னாலா?

28 மே
ஓம், என்னால்தான். கொழும்பு எஞ்சினியர் போனில் விளக்கினார். சென்சர்ப் பெட்டிக்குள் பழைய நேரம்தான் ஓடுகிறது. அதை இங்கே மாற்ற முடியாது. வரும் செய்திகளைச் சரிபார்க்க எங்கள் புரோகிராம் ஒரு நூலகக் கோப்பை நம்பியிருக்கிறது, டி.எல்.எல். என்பார்கள். பத்து நிமிடத்துக்கு மேல் பழைய செய்தி என்றால் அந்தக் கோப்பு எறிந்துவிடும். ஒரு மணித்தியாலம் பிந்தியதெல்லாம் அதற்குக் குப்பை. திருத்திய கோப்பைப் பிளொப்பியில் அனுப்புவாராம். அதுவரை?

கொம்பியூட்டரைப் பழைய நேரத்துக்கே திருப்பினேன். துணியைப் பிடித்தேன். ஊதியது. அப்பாடா.

29 மே
மனேஜர் கனகரத்தினம் கண்டுவிட்டார்.

"பிள்ளை, பழைய நேரம் இப்ப ஆரின்ர நேரம் எண்டு தெரியும்தானே? அரசாங்கத்தை எதிர்க்கிற இயக்கத்தின்ர பக்கத்தில மட்டும்தான் அது ஓடுது. ஆமி வந்து கேட்டா ஆர் பொறுப்பு?"

"என்னைக் காட்டுங்கோ சேர். நான் மாத்தமாட்டன்."

பயமில்லை என்று எழுதினால் பொய். ஆனாலும் மாற்றமாட்டேன்.

4 ஜூன்
ஆமிக்காரர் வந்தார்கள். அதிகாரி திரையையும் தன் கைக்கடிகாரத்தையும் மாறிமாறிப் பார்த்தார். மனேஜருக்கு வியர்த்துக் கொட்டியது. என் சிங்களம் அரைகுறை. கதைத்துச் சரிவராது என்று துணியை நனைத்துச் சென்சரிடம் கொண்டுபோனேன். சங்கு அலற, அதிகாரி மூக்கைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினார். சிரிப்பை அடக்கப் பட்ட பாடு! போகும்போது என் பெயரை, பூரணி என்று, எழுதிக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகு சிரிப்பு வரவில்லை.

11 ஜூன்
பிளொப்பி வந்தது. சோதனைச் சாவடியில் அதன் தகட்டைக் கழற்றிப் பார்த்திருக்கிறார்கள். கொம்பியூட்டரில் போட்டால் திறக்கவில்லை. நாசமாய்ப் போக. திரும்பவும் கேட்டிருக்கிறேன்.

12 ஜூலை
அமோனியாக் குழாய் வெடித்தது. சங்கு ஊதியதும் எல்லோரையும் இறங்குதுறைக்கு ஓடக் கலைத்தேன். எண்ணினால் நாற்பத்தொன்று. மறுபடி எண்ணினேன். நாற்பத்தொன்று. கிண்ணியாவிலிருந்து வரும் ரபீக்கா இல்லை.

இருமிக்கொண்டு வந்தாள். "செருப்பை எடுக்கப் போனனான் அக்கா." வாய்க்கு வந்தபடி ஏசினேன். பிறகு கட்டிப்பிடித்து அழுதேன்.

கொம்பியூட்டர் அச்சடித்த தாளில் சங்கு ஊதிய நேரம் 10.20. ஊரில் 11.20.

26 ஒக்டோபர்
அரசாங்கம் நேரத்தை மறுபடி மாற்றிவிட்டது, அரை மணித்தியாலம் பின்னுக்கு. இரண்டாவது பிளொப்பி இன்னும் வரவில்லை. கொம்பியூட்டரை யாராவது தொட முதல் போய்ச் சேரவேண்டும் என்று ஓடினேன்.

திரையின் மேல் ஒரு தாள் ஒட்டியிருந்தது. சிங்களம், தமிழ், ஆங்கிலம்: "இதன் நேரத்தை எவரும் மாற்றக்கூடாது." கீழே கம்பனி முத்திரை. அதற்கும் கீழே, மனேஜரின் கையெழுத்தில்:

"பொறுப்பு: கனகரத்தினம்."