சுமார் முப்பது பேர்

மார்ச் 4

அவருக்குக் கண் ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்தாயிற்று. வலக்கண்ணில் கட்டு, இடக்கண் முன்பே மங்கல். கட்டுப் பிரிக்கும்வரை பேப்பரும் டிவியும் கூடாதென்று டாக்டர் சொன்னதும், ஏதோ சோற்றையே நிறுத்திவிட்டது போல முகம். பஸ் ஓட்டிய காலம் முழுக்கப் பேப்பர் பார்க்காமல் வண்டியை எடுத்ததில்லை மனிதர். இனி நான்தான் வாசித்துக் காட்ட வேண்டும்.

மார்ச் 5

"டீச்சர், முதல் பீரியட் என்ன?" காபி ஆறுவதற்குள் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். சண்டை, வெள்ளம், காய்ச்சல், தேர்தல் என்று உலகச் செய்திப் பக்கத்துக்கு அவர் போட்ட டைம்டேபிள் அது.

வேலையை விட்டு வந்தாலும் கணக்கு டீச்சர் கணக்கு டீச்சர்தான். 'சுமார்' என்ற சொல்லைக் கண்டால் எனக்கு ஆகாது. 'வெள்ளத்தில் சுமார் இருநூறு வீடுகள்' என்று வந்ததும் நிறுத்திவிட்டேன். "சுமார்னா எவ்வளவு? நூத்தித் தொண்ணூறா, இருநூத்திப் பத்தா? போய் எண்ணிட்டு வந்து எழுதினா என்ன?" வகுப்பிலும் அதைத்தான் சொல்வேன். கூடையில் சுமார் பத்துப் பழம் என்றால், ஒன்று குறையும்போது எந்தப் பிள்ளை வெறுங்கையோடு திரும்பும்? அந்தப் பிள்ளையின் பெயரைச் சொல், பார்ப்போம்.

அவர் சிரித்தார். "கழுத்தளவு தண்ணில நிக்கிறவன்கிட்டப் போயி இந்தக் கணக்கக் கேளு."

மார்ச் 6

மகள் போனில் பேசினாள். வெளிநாட்டில் ஒரு எல்லையோர ஆஸ்பத்திரியில் நர்ஸாகச் சேர்ந்ததிலிருந்து குரலில் ஒரு அதிகாரம். "சண்டையெல்லாம் ஆத்துக்கு அந்தப் பக்கம்மா. இங்க காய்ச்சல் கேஸ்தான் ரொம்ப. நீ அப்பாவுக்கு நேரத்துக்கு மருந்து விடுறியா, இல்ல மறந்துடுறியா?"

"நான் மறந்தா அவரு ஹாரன் அடிப்பாருடி."

மார்ச் 9

இன்று முதல் பீரியட்டைக் கடைசிக்குத் தள்ளினேன். பேப்பரைக் கையில் எடுத்ததுமே அது கண்ணில் பட்டுவிட்டது.

தேர்தலில் ஆரம்பித்தேன். ஒரு நாட்டில் ஆட்சி கவிழ்ந்ததாம். பதவி போன பிரதமர் கையசைத்துக்கொண்டே காரில் ஏறினாராம். இன்னொரு நாட்டில் நிலநடுக்கம்; பள்ளிக்கூடம் இடிந்தது, அன்று விடுமுறை என்பதால் பிள்ளைகள் தப்பினார்கள். காய்ச்சலுக்குப் புதுத் தடுப்பூசி சோதனையில் தேறியிருக்கிறது. இதற்கு மேல் தள்ள முடியவில்லை. எல்லையோர நகரத்தில் மருத்துவமனை மீது குண்டு. நோயாளிகளும் ஊழியர்களுமாகச் சுமார் முப்பது பேர் பலி.

ஊர்ப் பெயரை விழுங்கிவிட்டு அதையும் மளமளவென்று வாசித்துத் தாளை மடித்தேன். குரல் நடுங்கவில்லை. நடுங்கவில்லை என்றுதான் நினைத்தேன்.

அவர் முகத்தை என் பக்கம் திருப்பினார். "டீச்சர்."

"என்னங்க?"

"இன்னிக்கு சுமாரத் திட்டலையே?"

மடித்த தாளை இன்னொரு மடிப்பு மடித்தேன்.

"எந்த ஊரு?"

சொன்னேன்.

கையை நீட்டித் துழாவினார். என் முழங்கை அகப்பட்டது. பிடித்துக்கொண்டார். "சுமார்னா... நம்ம புள்ள அதுக்கு உள்ளயா, வெளியயா?"

ஆயுள் முழுக்க நான் கேட்ட கேள்விதான். இதற்கு யார் விடை எழுதுவது? அவள் போன் அணைந்து கிடக்கிறது. அவளை அனுப்பிய தொண்டு நிறுவனத்தில் 'விசாரிக்கிறோம்' என்கிறார்கள். விசாரிக்கட்டும். சீக்கிரம் விசாரிக்கட்டும்.

மார்ச் 10

மருந்துக்கடைக்காரர் சொட்டு மருந்தை வீட்டுக்கே கொண்டுவந்தார். "டீச்சர், இருபத்தெட்டுன்னு குறைச்சுட்டாங்க. டிவில இப்பதான் பாத்தேன்." நல்ல சேதி போலச் சொன்னார், பாவம். தலையை ஆட்டி வைத்தேன். ரெண்டு குறைஞ்சா எனக்கு என்ன? நான் எண்ண வேண்டியது ஒண்ணே ஒண்ணு.

மார்ச் 11

முப்பத்தொன்று என்று போட்டிருக்கிறார்கள். 'சுமார்' இல்லை. நான் கேட்ட மாதிரியே போய் எண்ணிவிட்டார்கள்.

சுமாராவே விட்டிருக்கக் கூடாதா? அதுக்குள்ள ஒருத்தி ஒதுங்கி நிக்கக் கொஞ்சம் இடமாவது இருந்துச்சே.

மார்ச் 12

மதியம், தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு. "அம்மா, நான்தான்."

"எப்படிடி இருக்கே?"

"சுமாரா இருக்கேம்மா."

இடது கையில் அடியாம், எழுந்து நடமாடுகிறாளாம். எவ்வளவு சுமார் என்று நான் கேட்கவில்லை. அந்தச் சொல்லை அப்படியே இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டேன். போனை அவரிடம் கொடுத்தேன். "சாப்பிட்டியாம்மா?" என்றவர் அழ ஆரம்பித்துவிட்டார். "அழாதீங்க, கட்டு நனையும்" என்று அவரை அதட்டிவிட்டு நான் அழுதேன்.

திரும்ப என்னிடம் வந்தபோது அவள் குரல் இறங்கியிருந்தது. "வார்டு கூட்டுற அக்கா போயிட்டாங்கம்மா. தினம் எனக்கு டீ ஊத்தித் தருவாங்கல்ல, அவங்கதான். அவங்க கைக்குழந்தைய இன்னும் இடிபாட்டுல தேடிக்கிட்டு இருக்காங்க. அங்க எத்தனைன்னு சொல்றாங்க?"

"முப்பத்தொண்ணு."

"அதுல அது சேரலம்மா."

மார்ச் 15

கட்டுப் பிரித்தாயிற்று. பார்வை தெளிவாக இருக்கிறது என்றார் டாக்டர்.

மகள் இப்போதைக்கு வரமாட்டாளாம். ஒரு பள்ளிக்கூடக் கட்டடத்தில் காய்ச்சல் வார்டை மறுபடி திறந்திருக்கிறார்களாம். திட்டிப் பார்த்தேன், கெஞ்சிப் பார்த்தேன். "எல்லாரும் கிளம்பிட்டா இங்க யாரும்மா இருப்பா?" என்கிறாள். குழந்தையைப் பற்றி நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.

மாலையில் அவரே பேப்பரை விரித்து உரக்க வாசித்தார். எங்கோ ஒரு நாட்டில் வெள்ளம். சுமார் எழுபது பேர். நிறுத்திவிட்டு, பழக்கத்தில், என் திட்டுக்காக முகத்தை நிமிர்த்தினார். நான் ஒன்றும் சொல்லவில்லை.

அவர் அந்த வரியை இன்னொரு முறை, மெதுவாக, வாசித்தார்.