தமிழில் எழுதிய கறுப்புப் பக்கம்

14 ஜூன் 2009, சத்தியவேடு, ஆந்திரா

சிங்கப்பூர் கம்ப்யூட்டர் வேலைக்கு விசா வந்துவிட்டது. அதைச் சொல்லத்தான் சென்னையிலிருந்து வந்தேன், நைனா முகத்தில் சிரிப்பே இல்லை. தொழிற்சாலைக்கு எங்கள் வேர்க்கடலைக் கொல்லையையும் எடுக்கப்போகிறார்களாம். நிலம் எடுக்கும் ஆபீஸ் வெப்சைட்டில் ‘ஊரார் அனைவரும் சம்மதம்’ என்று போட்டிருக்கிறார்கள். யாரைக் கேட்டார்கள்? அந்த சைட்டுக்குள் நுழைவது எனக்குப் பெரிய வேலையில்லை.

16 ஜூன்

நுழைந்துவிட்டேன். அவர்கள் பொய்யை எடுத்துவிட்டுக் கறுப்புப் பக்கம் போட்டேன்: ‘எங்களைக் கேட்காமல் எங்கள் நிலத்தை எடுக்காதே.’ கோபத்தில் தமிழிலேயே வந்துவிட்டது. பெயர் போடவில்லை. துளியும் வருத்தமில்லை.

19 ஜூன்

முரளிதரன் அண்ணனைப் போலீஸ் சித்தூருக்குக் கொண்டுபோய்விட்டது. இங்கே தமிழ் டைப்பிங் உள்ள ஒரே கடை அவருடையது. கல்யாணப் பத்திரிகை, காதுகுத்து பேனர், எல்லாம் அங்கேதான். பக்கம் தமிழில் இருக்கவும் நேராக அங்கே போயிருக்கிறார்கள்.

சே, தெலுங்கில் போட்டிருக்கலாமே! — முதலில் இதுதான் தோன்றியது. போட்டிருந்தால்? வேறு யாரையாவது பிடித்திருப்பார்கள். அவ்வளவுதானே?

அவர் மனைவி பத்மாவதி அக்கா கடை வாசலில் அழுதுகொண்டிருந்தார். “தமிழ்ல அடிக்கத் தெரிஞ்சது ஒரு தப்பாமே?”

20 ஜூன்

ஆட்சேபணை மனுவோடு அந்த ஆபீஸுக்குப் போன ஊர்க்காரர்களை, சைட்டைக் கெடுத்த ஊர் என்று சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டார்களாம். நல்லா செஞ்சேன் போ.

21 ஜூன்

நைனாவிடம் சொல்லிவிட்டேன்.

“நீ சிங்கப்பூரு போய்க்கினே இரு. அப்பால பாத்துக்கலாம்.” பயந்துவிட்டார், பாவம்.

“நம்மளக் கேக்காம நம்ம பேர்ல சம்மதம்னு போட்டாங்கன்னுதான நைனா கோவம்? நானும் அண்ணனைக் கேக்காமதான அவரை மாட்டிவுட்டேன்?”

நைனா துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, “எந்த பஸ்ஸு?” என்றார்.

22 ஜூன்

சித்தூர் போகிறோம். நானேதான் சொல்வேன், நைனா பேசக்கூடாது.

9 ஆகஸ்ட்

ஜாமீனில் இருக்கிறேன். பாஸ்போர்ட் கோர்ட்டில், சிங்கப்பூர் போச்சு. வாராவாரம் சித்தூர் ஸ்டேஷன் போய்க் கையெழுத்து. அழுகை வருகிறது, ஆனால் போனது போனதுதான். கொல்லை இன்னும் போகவில்லை.

முரளிதரன் அண்ணன் வெளியே வந்ததிலிருந்து என்னோடு பேசுவதில்லை. இருந்தாலும் இன்று புது ஆட்சேபணை மனுவோடு அவர் கடைக்குத்தான் போனேன். தமிழில் ஒன்று, தெலுங்கில் ஒன்று அடித்தார். முடித்துவிட்டு, நிமிராமலே கேட்டார்.

“கீழ மொதல்ல யார் பேரு?”

“என் பேருதாண்ணா. ஸ்வர்ணலதா.”

“முழுசா சொல்லு. நைனா பேரு, ஊரு, எல்லாம்.”

பிறந்ததிலிருந்து என்னைத் தெரிந்தவர். ஒவ்வொன்றாகச் சொன்னேன். அடித்தார்.