சிங்கமும் தேத்தண்ணியும்

ஞாயிறு, இரவு

ஸ்ட்ரோக் வந்ததிலிருந்து என் வீட்டுக்காரருக்குப் பேச்சு இல்லை. புஞ்சாக் ஆலாமில் தங்கிச் சினிமா படிக்கும் மகள் கவிதா இன்று ஜெராமில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். வசனமே இல்லாத படமென்றால் அப்பாவுக்குச் சுலபம் என்று லாப்டாப்பில் ஒன்றைப் போட்டாள். நூறு வருடத்துக்கு முந்தைய சர்க்கஸ் கூண்டு. மீசைக்காரன் ஒருவன் இறைச்சித் துண்டைத் தூக்கிக் காட்ட, எலும்பும் தோலுமான சிங்கம் முக்காலியில் ஏறியது.

நான் வழக்கம்போல் தேநீர்க் கோப்பையோடு அவர் முன்னால் நின்றேன்.

"என்னங்க, தேத்தண்ணின்னு சொல்லுங்க லா. சொன்னாத்தான் தருவேன்."

பேச்சு வரட்டுமே என்று தினமும் இப்படித்தான் செய்கிறேன். அவர் வாயைத் திறந்து திறந்து மூடினார். காற்றுதான் வந்தது.

"பாவம்மா," என்றாள் கவிதா, திரையைப் பார்த்தபடியே. "அதுக்குப் பசி. அதான் ஏறுது."

அவள் சிங்கத்தைத்தான் சொன்னாள். நான் என் கையில் தூக்கிப் பிடித்திருந்த கோப்பையைப் பார்த்தேன். அதை அவருடைய நல்ல கையில் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் குடிக்காமல் என்னையே பார்த்தார்.

"குடிங்க. ஒண்ணும் சொல்ல வேணாம்."

அடுத்த படத்தில் ஒரு சிங்கம் பழக்குபவனின் தொப்பியைத் தட்டிவிட்டு, அதன்மேலேயே படுத்துக்கொண்டது. இவர் சிரித்துவிட்டார். சத்தமாக, பழையபடி. தேத்தண்ணி சட்டையெல்லாம் சிந்தியது. கவிதா அழுதுவிட்டாள்.

வியாழக்கிழமை பேச்சுப் பயிற்சி இருக்கிறது. புதிதாக என்ன வார்த்தை வந்தது என்று கேட்பார்கள். ஒன்றும் வரவில்லை, சிரித்தார் என்று சொல்வேன்.