மூன்றாவது இன்னிங்ஸில் எழுந்து போனவன்

அன்புள்ள தம்பி மெர்லுக்கு,

அக்கா நோரீன் எழுதுவது. இங்கே இன்னும் மழை இல்லை, உன் அத்தான் லீலண்டின் முதுகுவலி பரவாயில்லை, மற்றபடி சுகம். உன் பேஸ்பால் கிளப் அலுவலகத்துக்கு அனுப்பினால் எவராவது பிரித்துப் படிப்பார்கள் என்றுதான் வீட்டு விலாசத்துக்கு அனுப்புகிறேன். ஊர் ஊராக ஆட்டக்காரர்களைத் தேடி அலைகிற நீ எப்போது வீடு திரும்புவாயோ!

நேராகவே கேட்கிறேன். போன வெள்ளிக்கிழமை எங்கள் பையன் டெரல் பந்து வீசுவதைப் பார்க்க நெப்ராஸ்காவில் பாதியைக் கடந்து வந்தாய். மூன்றாவது இன்னிங்ஸ் முடியும் முன்பே எழுந்து போய்விட்டாய். வேகம் பார்க்கும் கருவியைப் பையிலிருந்து வெளியே எடுக்கவேயில்லை. "ஹாட் டாக் வயித்துக்கு ஒத்துக்கல" என்று லீலண்டிடம் சொல்லிவிட்டுப் போனாயாம். சின்ன லீக்கில் எட்டு வருடம் ஊர் ஊராக ஆடி, பேருந்து நிலையச் சாப்பாட்டைத் தின்று செரித்தவன் நீ. இதை நான் நம்ப வேண்டுமாக்கும்.

மறுநாளே எங்கள் தீவனக் கடைக்கு வேறொரு கிளப்புக்கு உன்னைப் போலவே ஆள் தேடும் ஸ்கவுட் ஒருவர் வந்தார். கோழித் தீவனம் என்ன விலை என்று தொடங்கி உன்னிடம் வந்து நின்றார். "ஒங்க தம்பி பாதியில எழுந்து போனா, பையன் மேல கண்ணு விழுந்துருச்சுன்னு அர்த்தம்மா. மத்தவங்க மோப்பம் பிடிச்சிரக் கூடாதுல்ல" என்று சிரித்தார். அன்றிலிருந்து லீலண்ட் வாயை மூடவில்லை. "ஒன் தம்பி சொந்த அக்கா மவனையே அடிமாட்டு வெலைக்கு ஓட்டிட்டுப் போகப் பாக்குறான், நோரீன்" என்கிறார்.

எனக்கும் அப்படித்தான் பட்டது. ஞாயிறன்று தொலைபேசியில் நீ என்ன சொன்னாய்? "அக்கா, அவன யாரும் பெருசா கேக்கப் போறதில்ல. பேசாம காலேஜுக்கு அனுப்பிரு." காலேஜுக்குப் போகிறான் என்று செய்தி பரவினால் கிளப்கள் முறைவைத்துப் புதுப் பையன்களை எடுக்கும் ஜூன் தேர்வில் மற்ற கிளப்கள் அவனை விட்டுவிடும், கடைசியில் உன் கிளப் சுலபமாகத் தூக்கிக்கொள்ளும். இந்தத் தந்திரத்தை எங்கள் வீட்டு நன்றியறிதல் விருந்தில் வான்கோழியைத் தின்றுகொண்டே பெருமையடித்தவன் நீதானே? அந்தக் காலத்தில் உன்னைக் கிளப்புக்கு எடுத்துக்கொண்டு போன ஸ்கவுட்டும் நம் அப்பாவிடம் "வேற யாரும் கேக்கல" என்றுதான் சொன்னார். இன்னும் இரண்டு கிளப்கள் உன்னைத் தேடியது பிறகுதான் தெரிந்தது. பெரிய லீக்குக்குப் போக ஒரு படி பாக்கி இருந்தபோது உன் முழங்கால் போயிற்று. நீயும் அந்த ஆளின் வேலைக்கே போய்ச் சேர்ந்தாய்.

நேற்றுக் காலை வரை உன்னைத் திட்டிக்கொண்டுதான் இருந்தேன். நேற்றுக் காலை டெரல் பால் ஜாடியை இடது கையால் தூக்கினான். அவன் வலக்கைக்காரன். சட்டைப் பொத்தானையும் இடது கையாலேயே போட்டான். "கைக்கு என்னடா?" என்று கேட்டால், "ஒண்ணுமில்லம்மா, சும்மா நச்சரிக்காத" என்று எரிந்து விழுகிறான். இதற்கு முன் அவன் என்னிடம் அப்படிப் பேசியதே இல்லை.

அதற்குப் பிறகு அந்த வெள்ளிக்கிழமையைத் திரும்பத் திரும்ப நினைத்துப் பார்க்கிறேன். எழுந்து போகும் முன் நீ பந்தைப் பார்க்கவில்லை. அவன் முழங்கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாய். அப்பாவைக் கடைசியாகப் பார்த்துவிட்டு ஆஸ்பத்திரி அறையிலிருந்து வெளியே வந்தபோது உன் முகம் எப்படி இருந்ததோ, அப்படி இருந்தது.

மெர்ல், எனக்குப் பயமாக இருக்கிறது. கிளப்புக்காக அக்காவையே ஏய்க்கப் பார்த்தேன் என்று ஒரு வரி எழுதிப் போடு. லீலண்ட் கத்தினால் கத்தட்டும், நான் சமாளித்துக்கொள்கிறேன். உன்மேல் எனக்கு வருத்தம்கூட இருக்காது. அப்படி இல்லையென்றால் எழுதாதே, புறப்பட்டு வந்துவிடு. அவனுக்குப் பந்தைத் தவிர வேறொன்றும் தெரியாது. அந்தக் கை இனி உதவாது என்று அவனிடம் சொல்ல எனக்குத் தெம்பில்லை.

கர்த்தர் உன் வழியெல்லாம் துணையிருப்பாராக.

நீ எங்களை ஏமாற்றுகிறவனாகவே இருக்க வேண்டும் என்று இரவும் பகலும் ஜெபிக்கும் உன் அக்கா,
நோரீன்