மூத்தவர் ஒத்துக்கொண்டாராம்

மார்ச் 4

அன்பு நண்டு,

இந்தக் கடிதத்தை முதலில் 'பொருள்: கூடுதல் ஊதியத்தைப் பிடித்தம் செய்தல்' என்று ஆரம்பித்துவிட்டேன். உன் அம்மா எட்டிப் பார்த்து, "பெத்த பொண்ணுக்கு எழுதறதுல பொருள் என்ன, பார்வை என்ன? கீழே முத்திரையும் குத்திடுங்க" என்றாள். ஆகவே இது இரண்டாவது தாள்.

உங்கள் அலுவலகத்தின் ஆணை கிடைத்தது. கையெழுத்து உன்னுடையது. எனக்குப் பின்னால் பணியில் சேர்ந்தவர் என்னைவிடக் கூடுதலாகச் சம்பளம் வாங்குகிறார் என்று, அவருக்கு மூத்தவர்களான எங்கள் நால்வருக்கும், நாங்கள் பணியில் இருந்தபோது, அலுவலகமே சம்பளத்தை உயர்த்தியது. அவருக்குக் கிடைத்தது தேர்வு எழுதியதற்கான தனிச் சலுகை, அதை வைத்து உங்களுக்கு உயர்த்தியது தவறு, கொடுத்ததையெல்லாம் ஓய்வூதியத்தில் மாதாமாதம் பிடிக்கப்போகிறோம் என்று தணிக்கை அறிக்கையைக் காட்டிச் சொல்கிறது ஆணை. தணிக்கைக்காரர்கள் சொன்னால் சரியாகத்தான் இருக்கும். 'எனக்குச் சம்மதம்' என்று மறுநாளே பதில் அனுப்பிவிட்டேன். அப்பாவும் பெண்ணும் அலுவலகத்தில் மல்லுக்கு நின்றார்கள் என்று யாரும் பேச வேண்டாம்.

இரண்டு வாரமாக நீ போன் செய்யாததுதான் எனக்குக் குறை. வேளைக்குச் சாப்பிடு.

உன் அப்பா

மார்ச் 11

அப்பா,

போனைக் கையில் எடுப்பேன். அம்மா குரலைக் கேட்டால் அழுதுவிடுவேனோ என்று வைத்துவிடுவேன். நால்வரின் கோப்புகளும் ஒன்றாக வந்தன. உங்களுடையதை மட்டும் பக்கத்து அறை அதிகாரியிடம் தள்ளிவிட்டிருக்கலாம். மற்ற மூவருக்கு ஒரு நியாயம், என் அப்பாவுக்கு ஒரு நியாயமா என்று தோன்றியது. அதனால் உங்களுடையதில்தான் முதலில் கையெழுத்துப் போட்டேன். அன்று மத்தியானம் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவே இல்லை.

பிடிக்கிற தொகையை மாதாமாதம் நான் அனுப்பிவிடுகிறேன். வேண்டாம் என்று சொல்லாதீர்கள்.

உங்கள் நண்டு

மார்ச் 19

அன்பு நண்டு,

பணம் அனுப்பாதே. நீ பிடிப்பதை நீயே கொடுத்தால் அது என்ன பிடித்தம்?

நேற்று பதிவறைக்காரரும் தட்டச்சர் அம்மாவும் வந்திருந்தார்கள். ஆணை வாங்கிய நால்வரில் இருவர். உட்காரச் சொல்லியும் பதிவறைக்காரர் உட்காரவில்லை.

"அண்ணே, ஆபீஸ்ல போய்க் கேட்டோம். 'உங்களுக்கெல்லாம் மூத்தவரே ஒத்துக்கிட்டாரு, உங்களுக்கு என்ன வந்துச்சு'ன்னு ஜன்னல்லயே திருப்பி அனுப்பிட்டாங்க. பொண்ணு மேல பாசம் இருக்க வேண்டியதுதான். அதுக்காக எங்க வயித்துல அடிப்பீங்களா?"

"சும்மா இருங்க, சார் பாவம்" என்றார் தட்டச்சர் அம்மா. அவர் கணவர் படுத்த படுக்கை. வருகிற ஓய்வூதியம் மருந்துக்கே போதவில்லை. "நாம என்ன பொய் சொல்லியா வாங்கினோம் சார்? அவங்களாத்தானே குடுத்தாங்க" என்று என்னைப் பார்க்காமல் சொன்னார்.

அவர்கள் போனதும் உன் அம்மா, "பதவி உயர்வுன்னா மட்டும் நீங்க மூத்தவரு. வாயைத் திறக்கணும்னா கடைசி ஆளா?" என்றாள்.

ஆகவே ஆட்சேபணை எழுதி அனுப்பிவிட்டேன். மூன்று முறை திருத்தியும் சந்தேகமாகத்தான் இருக்கிறது. அவசரப்பட்டுக் கொடுத்த சம்மதத்தைத் திரும்பப் பெறுகிறேன். தணிக்கை சொல்வது சரியென்றால் இனிமேல் குறைத்துக் கொடுங்கள். நாங்கள் எதையும் மறைக்காதபோது, அலுவலகமே கணக்குப் போட்டுக் கொடுத்ததை இந்த வயதில் திரும்பக் கேட்காதீர்கள் என்று எழுதினேன். ஆணையிட்ட அதிகாரி என் மகள் ஆதலால் அவர் இதை விசாரிக்கக் கூடாது என்றும் எழுதினேன். அந்த வரியை எழுதிவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன்.

உனக்கு இதனால் கெட்ட பெயர் வருமோ, தெரியவில்லை. கோபம் இருந்தால் திட்டி எழுது. எழுதாமல் மட்டும் இருந்துவிடாதே.

அப்பா

ஏப்ரல் 2

அப்பா,

உங்கள் ஆட்சேபணை என் மேசைக்குத்தான் முதலில் வந்தது. நின்றபடியே படித்தேன். 'மனுதாரர் என் தந்தை. நான் விசாரிப்பது முறையல்ல' என்று எழுதி மேலதிகாரிக்கு அனுப்பினேன். அவர் படித்துவிட்டு, "இவ்வளவு தெளிவா எழுதறவர் இத்தனை நாள் எங்கம்மா ஒளிஞ்சிருந்தாரு?" என்றார். விசாரணை முடியும்வரை நால்வருக்கும் பிடித்தத்தை நிறுத்திவைத்திருக்கிறார்.

கோபமா என்று கேட்டீர்கள். 'என் மகள் விசாரிக்கக் கூடாது' என்ற வரி முதலில் சுருக்கென்றது. அப்புறம், எல்லாருக்கும் பயப்படுகிற என் அப்பா எனக்குப் பயப்படவில்லையே என்று சந்தோஷமாக இருந்தது.

ஆனால் முடிவு வரும்வரை நான் வீட்டுக்கு வருவது சரியல்ல. கண், காது, மூக்கு வைத்துப் பேசுவார்கள். எத்தனை மாதம் ஆகுமோ தெரியாது. அம்மாவிடம் பக்குவமாகச் சொல்லுங்கள்.

நண்டு

ஏப்ரல் 6

அன்பு நண்டு,

உன் கடிதம் வந்ததும் நடத்தை விதிகளை எடுத்து வைத்துக்கொண்டு முதலிலிருந்து கடைசிவரை படித்தேன். என் கண்ணை நம்பாமல் பதிவறைக்காரரையும் ஒருமுறை படிக்கச் சொன்னேன். அதிகாரி தன் உறவினரின் வழக்கை விசாரிக்கக் கூடாது என்றுதான் இருக்கிறது. உறவினர் வீட்டில் சாப்பிடக் கூடாது என்று எங்கேயும் இல்லை. "பொண்ணு அப்பா வீட்டுக்கு வர்றதுக்கெல்லாமா அண்ணே விதி பார்ப்பாங்க?" என்று அவர் சிரித்தார். பார்த்துவிடுவது நல்லதுதானே.

வழக்கைப் பற்றி நீ கேட்காதே, நானும் பேச மாட்டேன். உன் அம்மாவின் வாய்க்கு மட்டும் என்னால் உத்தரவாதம் தர முடியாது. முடிவு எப்படி வந்தாலும் வரட்டும்.

ஞாயிற்றுக்கிழமை வா. விதியை நான் புரிந்துகொண்டதில் பிழை இருக்குமோ என்று உனக்குத் தோன்றினால், அதையும் வந்து உட்கார்ந்து சொல்.

அப்பா