பாதிரியாரின் ஆட்டம்

1958 மார்ச் 4, செவ்வாய். மத்ரித்

திரைக்கதையைத் தணிக்கை அலுவலகத்தில் கொடுத்தாயிற்று. அவர்கள் வெட்டுவதற்கென்றே ஒரு காட்சி வைத்திருக்கிறேன்: பாதிரியார் ஒரு விதவையின் சமையலறையில் அவளோடு ஆடுகிறார். இங்கே எழுதுகிறவர்கள் எல்லாரும் செய்வதுதான். அதை வெட்டிய திருப்தியில் அடுத்த பக்கத்தைத் தாண்டிவிடுவார்கள். என் உயிர் அந்த அடுத்த பக்கத்தில் இருக்கிறது. உள்நாட்டுச் சண்டை முடிந்து இத்தனை வருஷம் கழித்து, விதவை நகராட்சி எழுத்தரிடம் கேட்கிறாள்: "எம் புருஷன எங்க பொதைச்சீங்க?"

படத்தை இயக்கப்போகிற கினேஸ் காபிக் கடையில் முதுகில் அறைந்தான். "பாதிரியார நல்லா ஆடவிட்ருக்கடா பசிலியோ! பாவம், மொத வெட்டு அவருக்குத்தான்." அவனும் எழுதுகிறவன், பத்து வருஷப் பழக்கம்.

மார்ச் 19

பதில் இல்லை. மாடிப்படியில் யார் ஏறினாலும் கதவருகே போய் நிற்கிறேன்.

மார்ச் 27, வியாழன்

ஆட்டத்தை விட்டுவிட்டார்கள்! ஓரத்தில் சிவப்பு மையில் 'ரசிக்கும்படி உள்ளது' என்று வேறு. விதவையின் வரியை மட்டும் அடித்திருக்கிறார்கள். கீழே: எழுதியவர் திங்கள் பத்து மணிக்கு நேரில் வரவும்.

ஏன் நேரில்? எதுக்கு?

என் மனைவி ரெமெதியோஸ் கடிதத்தை இரண்டு முறை படித்தாள். "நீங்க ஜெயில்ல இருந்தது தெரிஞ்சிருக்குமோ?" பிறகு என் பையில் கம்பளிக் காலுறை இரண்டு ஜோடி வைத்தாள். ஐயோ, மறுபடி அங்கே என்னால முடியாது. முடியவே முடியாது.

மார்ச் 31

வீடு வந்துவிட்டேன். முதலில் அதை எழுதிவிடுகிறேன்.

தோன் எவாரிஸ்தோ, அந்த அலுவலகத்தின் தலைவர், சிகரெட் நீட்டினார். "அந்த ஆட்டம் எங்களுக்கு வச்ச பொறிதானே? சும்மா சொல்லுங்க." மேசையில் என் சிறைக் கோப்பு.

"எங்கிட்ட திரைக்கதை படிக்க இருக்கிறது ரெண்டு பாதிரியார், ஒரு கிழட்டுக் கர்னல். மூணு பேரும் பொறியில விழறவங்க. உங்களுக்குத்தான் எதை எங்க ஒளிப்பாங்கன்னு தெரியும். இங்க வேலைக்கு வந்து படிங்க."

"முடியாதுன்னா?"

அவர் சிரித்தார். கோப்பைத் தட்டிக் காட்டினார். "யோசிச்சு சொல்லுங்க."

ஏப்ரல் 2

தணிக்கை வேலைக்குக் கையெழுத்துப் போட்டேன். பயத்தில் போட்டேன். வேறு சொல் தேட வேண்டாம்.

அக்டோபர் 14

ஆறு மாதம் கழித்து இன்று காபிக் கடைக்குப் போனேன். கினேஸ் ஏதோ தாள்களை நாலு பேருக்கு வாசித்துக்கொண்டிருந்தான், எல்லாரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். என்னைக் கண்டதும் நிறுத்தினான். தாள்களை மடித்துச் சட்டைக்குள் செருகிக்கொண்டு எழுந்து, தன் நாற்காலியை எனக்கு இழுத்துப் போட்டான்.

எனக்கு என்னமோ போலிருந்தது. சும்மா ஏதாவது பேச வேண்டுமே என்றுதான் கேட்டேன்: "புதுசா என்னடா எழுதறே?"

நாலு பேரும் மேசையைப் பார்த்தார்கள்.

"ஒண்ணும் எழுதறதில்லைங்க," என்றான் கினேஸ்.