கலேவெலயில் நான் மாற்றிச் சொன்னது

வெயிலுக்கும் குடை, மப்புக்கும் குடை என்று நடந்த என் கௌரிக்கு,

உன் நோயின் பெயரை இந்த மாதம் நான் மறுபடியும் எழுத வேண்டி வந்தது. கண்டியில், கிளினிக் கொப்பியின் முதல் பக்கத்தில், என் மகள் ஹனாவின் பெயருக்குக் கீழே. லூபஸ். உன் மடியில் ஏறி உட்கார்ந்து 'சாச்சி, சாச்சி' என்று உன் தலைமுடியைப் பின்னிப் பின்னிக் கலைத்தாளே, அதே ஹனாதான். இப்போது வயது பத்தொன்பது. என்னை விட உயரம், என்னை விட வாய்.

பயப்படாதே, ஆரம்பத்திலேயே பிடித்துவிட்டோம். முதலில் பிடித்தது டாக்டர் இல்லை, நான். காலையில் சீப்பைப் பிடிக்க முடியாமல் விரல்களை உதறினாள். கன்னம் இரண்டும் சிவந்து அந்தச் சிவப்பு மூக்குக்கு மேலால் போய் ஒட்டிக்கொண்டது. வாய்க்குள் புண். சோதனைக்குப் படித்த சூடு என்றார்கள் வீட்டில். உன்னோடு பதினோரு வருடம் ஒரே கூரையின் கீழ் இருந்தவளுக்கு அந்தச் சிவப்பு தெரியாதா?

நீ சாவகச்சேரியிலிருந்து இரண்டு பெட்டியோடு மாத்தளையில் எங்கள் அலுவிகாரை வீட்டின் மேல்மாடி அறைக்கு வந்தது நேற்றுப் போல இருக்கிறது. ஒரே பாடசாலையில் நான் கணக்கு டீச்சர், நீ உயிரியல் டீச்சர். முதல் நாளே முழங்கை தாண்டிய சட்டை, கையில் குடை. "யாழ்ப்பாணத்து டீச்சர் கறுத்துப் போயிடுவாங்களாம்" என்று ஆசிரியர் அறையில் சிரித்தார்கள். உண்மையைச் சொன்னால், அதிகமாகச் சிரித்தவள் நான்தான்.

ஒரு மாதம் கழித்து நீயே சொன்னாய்: "வெயில் பட்டால் வருத்தம் கூடும், பரீனாக்கா. பாக்கப் போனால் என்ர வருத்தத்துக்கு உங்கட உடுப்புத்தான் சரி." அடுத்த கிழமை என் பழைய சால்வையைத் தலையில் போட்டு, நெற்றியில் பொட்டும் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாய். கண்டக்டர் உன்னையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு டிக்கட் கிழிக்க மறந்தே போனான்.

உன் உடம்புக்கு என்னதான் நடக்கிறது என்று நான் கேட்ட நாளும் நினைவிருக்கிறது. பக்கத்து வீட்டு நாய் குரைத்துக்கொண்டிருந்தது. உனக்கு அது போதும், பாடம் தொடங்கிவிட்டாய்.

"உடம்பைக் காவல் காக்க உள்ளுக்குள்ள ஒரு நாய் இருக்குது எண்டு வையுங்கோ. கள்ளன் வந்தால் கடிக்கத்தான் வேணும். என்ர நாய்க்குக் கள்ளனையும் வீட்டு ஆக்களையும் பிரிச்சுத் தெரியேல்லை. மூட்டைக் கடிக்கும், தோலைக் கடிக்கும். ஒரு நேரம் சிறுநீரகத்தையும் கடிக்கும்."

"அடிச்சு வெரட்ட ஏலாதா?"

"வெரட்டினால் கள்ளன் வந்திடுவான். கட்டித்தான் வைக்க வேணும். இந்தக் குளிசைதான் சங்கிலி."

அப்படி ஒரு விஷயத்தை எனக்கு விளங்க வைத்தவர் வேறு யாருமில்லை. இருந்தும் கொரோனா காலத்தில் ஊரே எதிர்ப்புச் சக்தி, எதிர்ப்புச் சக்தி என்று கொத்தமல்லியும் வெனிவெல் என்ற மரமஞ்சளும் அவித்துக் குடித்தபோது, நானும் ஒரு கோப்பை கசாயத்தோடு மாடி ஏறி வந்தேன். நீ வாங்கி வைத்துவிட்டுச் சிரித்தாய். "எல்லாருக்கும் கூட்ட வேணும், எனக்குக் குறைக்க வேணும். நான் உலகத்துக்கு எதிர்ப்பக்கம் அக்கா."

நோன்பு மாதத்தில் வீட்டில் கஞ்சிக்கு உப்புப் பார்க்க நோன்பில்லாத ஆள் நீ ஒருத்திதான். அகப்பையில் ஊதி ஊதி ருசி பார்த்து, "கொஞ்சம் காணாது" என்பாய். டாக்டர் உனக்கு உப்பைக் குறைக்கச் சொல்லியிருந்தார், உன் நாக்கு உப்புக்கு ஏங்கிக் கிடந்தது. உன் பேச்சை நம்பி உப்புப் போட்டு, எத்தனை நாள் பள்ளிவாசலுக்கு அனுப்பிய கஞ்சி திரும்பி வந்தது! இப்போது யாரும் உப்புப் பார்ப்பதில்லை. கஞ்சி சரியாகத்தான் இருக்கிறது. சாப்பிடத்தான் மனம் இல்லை.

சரி, சுற்றி வளைத்தது போதும். இந்தக் கடிதம் எழுதுவது இதற்காக இல்லை.

அந்த ஆகஸ்ட் விடுமுறையில் நாம் இருவரும் கலேவெலக்குப் போனோமே. குளிசையால் உன் முகம் ஊதிப் போயிருந்தது. "டீச்சர் நல்லாத் தடிச்சிட்டீங்க" என்று பிள்ளைகளின் தாய்மார் சொல்லச் சொல்ல, நீ கண்ணாடியைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்திருந்தாய். எனக்குப் பொறுக்கவில்லை. என் வாப்பாவின் முழங்காலை எண்ணெய் போட்டே நடக்க வைத்த வைத்தியர் அங்கே இருந்தார், சிங்களவர், வயதானவர். உனக்குச் சிங்களம் பஸ்ஸுக்கும் கடைக்கும்தான் காணும். நான்தான் உன் வாய், நான்தான் உன் காது.

அவர் உன் கிளினிக் கொப்பியைப் பக்கம் பக்கமாகப் பார்த்தார். நாடி பிடித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றிவிட்டுச் சொன்னார்: "இஸ்பிரிதாலெ பெஹெத் நவத்தன்ன எப்பா." ஆஸ்பத்திரி மருந்தை நிப்பாட்ட வேண்டாம். மூட்டு வலிக்குப் பூச எண்ணெய் தருகிறேன், அவ்வளவுதான் என்னால் முடியும் என்றார்.

நான் உன் பக்கம் திரும்பி என்ன சொன்னேன்? "நாப்பது நாளைக்குக் குளிசைய நிப்பாட்டச் சொல்றார் கௌரி. அப்பதான் எண்ணெய் பிடிக்குமாம்."

ஏன் அப்படிச் சொன்னேன் என்று கேட்பாய். இங்கிலீஷ் மருந்தும் நாட்டு மருந்தும் சேராது என்று பிறந்ததிலிருந்து கேட்டு வளர்ந்தவள் நான். வாப்பாவுக்கும் நாற்பது நாள் எல்லாவற்றையும் நிப்பாட்டித்தான் குணமானது. இந்த மனிதர் பின்னால் வம்பு வரும் என்று பயந்து பேசுகிறார், எனக்குத் தெரியாதா என்று நினைத்தேன். ஊதிப்போன முகத்தோடு நீ இன்னொரு தவணைக்குப் பள்ளிக்கூடம் போவதைப் பார்க்க எனக்கு ஏலாமல் இருந்தது. அன்புதான். ஆனால் அறிவு கெட்ட அன்பு. உன் சங்கிலியைக் கழற்றிவிட்டது நான்.

முப்பதாவது நாள் உன் கால் வீங்கியது. ஆஸ்பத்திரியில் சிறுநீரைச் சோதித்த டாக்டர், ஏன் குளிசையை நிப்பாட்டினீர்கள், யார் சொன்னது என்று கத்தினார். நான் கட்டிலின் கால்மாட்டில் நின்றேன். நீ என்னைப் பார்த்தாய். பிறகு அவரிடம், "நான்தான் நிப்பாட்டினனான்" என்றாய். நான் வாய் திறக்கவில்லை. அன்றும் திறக்கவில்லை, அதற்குப் பிறகு நீ இருந்த இரண்டு வருடமும் திறக்கவில்லை. அந்த வைத்தியரைப் பற்றிப் பாடசாலையில் கெட்ட பேச்சு வந்தபோதும் பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தேன்.

சிறுநீரகம் பழையபடி தேறவில்லை. இந்த வருத்தத்துக்கு எப்படியும் அது நடந்திருக்கலாம் என்று பெரிய டாக்டர் உன் தம்பியிடம் சொன்னார். இருக்கலாம். அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் நீ போன பிறகு மூன்று வருடம் தூங்கினேன்.

போன கிழமை ஹனாவின் மாமி, என் கணவருடைய அக்கா, வீட்டுக்கு வந்தார். பிள்ளையின் முகத்தைப் பார்த்தார். குளிசையால் ஊதத் தொடங்கியிருக்கிறது.

"நிக்காஹ் பேசுற வயசில இது என்ன முகம்? வெளிய சொல்லாம கலேவெலக்குக் கூட்டிட்டுப் போ பரீனா. ஒங்க வாப்பாக்குச் சொகமாக்கினவர் ஈக்கிறார்தானே?"

அதற்காவது நான் பதில் சொல்லியிருப்பேன். ஆனால் பின்னாலிருந்து ஹனா சொன்னாள்: "நாப்பது நாள்தானே உம்மா. நிப்பாட்டிப் பாப்போமே."

மாமி போன பிறகு அவளை உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். வைத்தியர் சொன்னது, நான் சொன்னது, நீ டாக்டரிடம் சொன்னது, ஒன்று விடாமல். அவள் கதவைச் சாத்திக்கொண்டாள். இரண்டு நாள் என்னோடு பேச்சில்லை. குளிசையை மட்டும் எடுத்தாள். இன்று காலைச் சாப்பாட்டுக்கு வந்து உட்கார்ந்தாள்.

"இத சாச்சிட்ட சொன்னீங்களா?"

"இல்ல மகள்."

"என்ட்ட சொல்லி என்ன? சாச்சிட்டச் சொல்லுங்க."

அதனால்தான் எழுதுகிறேன். எதிரே உட்கார்ந்து ஒவ்வொரு தாளாக வாங்கிப் படிக்கிறாள். சற்று முன் கலேவெலத் தாளைப் படித்துவிட்டு நிமிர்ந்தாள்.

"உம்மா, சாச்சி அப்பவே ஒன்பது வருஷம் மாத்தளையில இருந்தவங்க. கடைக்காரன், கண்டக்டர், ஸ்கூல் கேட்ல நிக்கிற ஆள், எல்லாரும் வேணாம் எண்டதுக்கு ஒரு நாளைக்கு நூறு தரம் 'எப்பா' சொல்றாங்க. சாச்சிக்கு அது வெளங்காமலா இருந்திக்கும்?"

கௌரி, உனக்கு விளங்கியதா? விளங்கித்தான் என் பேச்சுக்குத் தலையாட்டினாயா? அந்த முகத்தை நாற்பது நாளாவது கழற்றி வைக்க உனக்கும் ஒரு சாட்டு வேண்டியிருந்ததா? இல்லை, நான் பொய் சொல்லுவேன் என்று உனக்குத் தோன்றவே இல்லையா? இரண்டில் எது எனக்கு ஆறுதல் என்று கூடத் தெரியவில்லை. மன்னிப்புக் கேட்கிறேன். இத்தனை வருடம் பிந்திக் கேட்பதற்கும் சேர்த்துக் கேட்கிறேன்.

ஹனா குளிசையை வாயில் போட்டுத் தண்ணீர் குடித்துவிட்டாள். முகம் இன்னும் ஊதும், ஊதட்டும். பெண் பார்க்க வருகிறவர்களுக்கு நோயின் பெயரைச் சொல்லித்தான் தேத்தண்ணி கொடுப்பேன் என்று மாமியிடம் சொல்லிவிட்டேன்.

கண்டிக் கிளினிக்கில் டாக்டர் சிங்களத்தில்தான் பேசுகிறார். ரத்தோட்டைப் பக்கத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வரும் ஓர் அம்மா, போன முறை உள்ளே போகும்போது என் கையைப் பிடித்தார். "எனக்கு வெளங்காதுங்க டீச்சர். அவரு என்னா சொல்றாருன்னு நீங்கதான் சொல்லணும்." நான் கையை இழுத்துக்கொண்டு, வேறு யாரையாவது கேளுங்கள் என்று சொல்லிவிட்டேன். பாவம், விளங்காமலே தலையாட்டிவிட்டு வந்தார்.

வருகிற செவ்வாய்க்கிழமை அந்த அம்மாவைத் தேடிப் பிடித்து நானே கூடப் போவேன். டாக்டர் சொல்வதில் எனக்குப் பிடிக்காததும் இருக்கும், நான் நம்பாததும் இருக்கும். அவர் சொன்னதை அவர் சொன்னபடியே சொல்வேன். இது உனக்குத் தரும் வாக்கு.

உன்,
பரீனாக்கா